சுகந்தி அக்காவின் ஐந்து மணி

ஜூலை 6, ஞாயிறு

வெயில் நாற்பத்தைந்து. ஏ.சி. இரைச்சல். கேஸ் சிலிண்டருக்குச் சொல்ல வேண்டும், மகளுக்கு ஷூ, சனிக்கிழமை வாசகர் வட்டப் பேச்சுக்குக் குறிப்பு.

பேச்சு அந்த அமெரிக்க நாவலாசிரியரைப் பற்றி. இனி அ. என்றே எழுதுகிறேன். அப்பா பழைய கார் விற்றவர். முதல் நாவலிலேயே சொந்தத் தங்கையின் கல்யாண வாழ்க்கையைச் சந்திக்கு இழுத்தார். ஊரே கொதித்தது. அடுத்ததில் முதல் மனைவி; வழக்கு. அப்புறம் பரிசுகள், பல்கலைக்கழக வேலை, இன்னும் இரண்டு விவாகரத்து. யாரிடமும் மன்னிப்புக் கேட்டதில்லை. என்ன தில்! இருபது வருடமாக எனக்கு அவர்மேல் பித்து.

என் கதையும் இணைய இதழில் வந்துவிட்டது. அ. பாணி. இங்கே வளைகுடாவில், ரோலா பகுதியில் பங்கு ஃப்ளாட். படுக்கையறை எங்களுக்கு. ஹாலைப் பலகை வைத்துத் தடுத்து அந்தப் பக்கம் சுகந்தி அக்கா. யாழ்ப்பாணத்துக்காரர், ஒரு கிளினிக்கில் ரிசப்ஷன். ஞாயிறுதோறும் மாலை ஐந்து மணிக்குக் கனடாவில் இருக்கும் மகனுக்குப் போன். ஸ்பீக்கரில் மணி அடித்து ஓயும். யாரும் எடுப்பதில்லை. அதற்குப் பிறகுதான் அக்காவின் குரல், எங்களுக்குக் கேட்கிற மாதிரி: "சாப்பிட்டியா மகன்? வேலை எப்பிடிப் போகுது?" இன்றும் அப்படியே.

அதை எழுதினேன். பெயரை மாற்றினேன், ஊரை மட்டக்களப்பு ஆக்கினேன். முடிவில் ஓர் அடி வேண்டுமே! மகன் செத்துப் பல வருடம் ஆயிற்று என்று முடித்தேன். நண்பர்கள் பிரமாதம் என்றார்கள். கொஞ்சம் மிதந்தேன்.

ஜூலை 8, செவ்வாய்

ஷூ வாங்கவில்லை. என் மனைவி கல்யாணி நான் எழுதும் எதையும் படிக்கமாட்டாள், பெருமைக்கு நாலு பேருக்கு அனுப்புவாள். இன்று அனுப்பியது ஃப்ளாட் வாட்ஸப் குரூப்பில். தண்ணீர் வராதது, குளியலறை முறை, யார் பாலை யார் எடுத்தது, இதற்கான குரூப். மூன்றே பேர். "எங்க வீட்டுக்காரர் கதை வந்திருக்குக்கா, படிச்சுப் பாருங்க." பூங்கொத்துப் படம் வேறு.

ஆபீசில் பார்த்தேன். வீட்டுக்கு வந்ததும் கல்யாணியின் போனை வாங்கினேன்: இரண்டு நீல டிக், அக்கா பார்த்துவிட்டார்.

"எதுக்கு அதைப் போட்ட?"

"ஏன், நல்ல கதைன்னுதானே எல்லாரும் சொல்றாங்க?"

அப்புறம்தான் படித்தாள். முடித்துவிட்டு என்னையே பார்த்தாள். "ஒரே அடுப்புல சமைக்கிறோம். உங்களுக்கு எப்படிங்க மனசு வந்துச்சு?" ரசத்தை மேஜையில் வைத்துவிட்டுப் போய்விட்டாள்.

ஜூலை 10, வியாழன்

காலை, கிச்சன். ஆறரை வரை அடுப்பு எங்கள் முறை. அக்கா பத்து நிமிடம் முன்னாலேயே வந்தார். இரண்டு நாளாக ஒரு மன்னிப்பு தயார் செய்து வைத்திருந்தேன். நல்ல நல்ல வாக்கியங்கள்.

"தம்பி, கதை வாசிச்சனான்."

"அக்கா, அது கற்பனை..."

"கற்பனையோ?" பால் பாத்திரத்தைக் கழுவிக்கொண்டே பேசினார். "நான் தனியக் கதைக்கிறதை எழுதினது பரவாயில்லை. உங்களுக்குக் கேக்கட்டும் எண்டுதானே சத்தமாக் கதைச்சனான். என்ர பிள்ளையை ஏன் சாக்காட்டினீங்கள்?"

குனிந்து காப்பித் தூள் டப்பாவைத் தேடினேன்.

"அவன் என்னோட கோவம். போன் எடுக்கிறேல்ல. ஆனா இருக்கிறான், தம்பி."

காப்பிப் பால் பொங்கி வழிந்தது. துடைத்தேன். அவர் போன பிறகும் துடைத்துக்கொண்டே இருந்தேன். மன்னிச்சிருங்க என்று ஒரு சொல் வரவில்லை. சீ, என்ன ஆள் நான்.

ஜூலை 12, சனி

வட்டத்தில் பதினேழு பேர். சமோசா நன்றாக இருந்தது. நாற்பது நிமிடம் அ. புராணம். துணிச்சல் என்ற சொல் வரும்போதெல்லாம் நாக்கு இடறியது.

புஜைராவிலிருந்து வந்த எண்ணெய்க் கிடங்கு இன்ஜினியர் எழுந்தார். "சார், அந்தத் தங்கச்சி அப்புறம் என்ன ஆனாங்க?"

குறிப்பைப் புரட்டினேன். பதினொரு பக்கம். வழக்கு, பரிசு, பேட்டி எல்லாம் இருக்கிறது. தங்கைக்கு ஒரே ஒரு வரி. பெயர்கூட இல்லை. இருபது வருடத்தில் தேடிப் பார்க்கவே தோன்றவில்லை.

"தெரியாது" என்றேன். யாரோ சிரித்தார்கள்.

கதையை நீக்கச் சொல்லி இதழுக்கு எழுதினேன். நீக்கிவிட்டார்கள். என்ன பிரயோஜனம், படிக்கக் கூடாதவர் படித்தாயிற்று.

ஜூலை 13, ஞாயிறு

புழுக்கம். ஐந்து மணிக்குள் நாங்கள் வெளியே போய்விட்டால் அக்கா நிம்மதியாகப் பேசலாம். இதுவாவது செய்கிறேன். ஷூ வாங்குவதாகச் சாக்கு.

"இந்த வெயில்லயா?" என்றாள் கல்யாணி.

"யல்லா, கிளம்பு." அவளுக்குப் புரிந்தது. துணிப்பையை எடுத்தாள், மகளைக் கூப்பிட்டாள்.

வெளியே வந்தால் அக்கா அறைக்குப் பூட்டு.

லிஃப்டில் இறங்கி, பின்பக்கப் பார்க்கிங் வழியாகப் போனோம். கொதிக்கிற மண்ணில், இரண்டு வேன்களுக்கு நடுவே, துப்பட்டாவைத் தலையில் போட்டுக்கொண்டு அக்கா. எங்களைப் பார்க்கவில்லை. ஸ்பீக்கரில் மணி. அடித்து ஓய்ந்தது.

நின்றேன். இப்போது கேட்பார், சாப்பிட்டியா மகன் என்று.

அவர் கேட்கவில்லை. முகத்தைத் துடைத்துவிட்டு, மறுபடி அதே எண்ணை அழுத்தினார்.