கணக்கப்பிள்ளை வாங்கிப்போன கேசட்

1984 ஆவணி, செவ்வாய்.

தம்பி கப்பல்ல இருந்தப்ப யூகோஸ்லாவியாவுல வாங்கின கேசட்டை இன்னிக்குத் தேயிலைத் தோட்டத்து லயத்துல, எங்க வீட்டுல போட்டோம். செர்பியா நாட்டுப்புறப் பாட்டை ராக் கிடாரோட, சினிமாப் பின்னணி இசை மாதிரி கலந்து வாசிக்கிற குழுவாம். நடுவுல வர்ற கொட்டு நம்ம தப்பு மேளம் மாதிரியே இருந்துச்சு.

தோட்டத்துல ஆளுங்களுக்கு வேலை பிரிச்சுக் குடுக்கிற கணக்கப்பிள்ளை வாசல்ல வந்து நின்னார். "என்ன பாஷை டீச்சர் இது? வடக்குப் பொடியங்க இயக்கப் பாட்டா?"

"ஐயோ, வெளிநாட்டுப் பாட்டுங்க."

சிரிச்சார். "கேட்டுட்டுத் தர்றேன், குடுங்க."

கணக்கப்பிள்ளை கேட்டு இல்லைன்னு சொல்லி எங்களுக்குப் பழக்கமில்லை. அம்மாவே எடுத்துக் குடுத்துட்டாங்க. தம்பி முகம் செத்துப்போச்சு.

கேசட்டைப் பையில போட்டுக்கிட்டு அவர் வீட்டுப் பக்கம் போகல. போலீஸ் ஸ்டேஷன் இருக்கிற ஹட்டனுக்குப் பஸ் ஏறினார். எனக்கு இப்பதான் உறைக்குது, அவர் வீட்டுல டேப் ரெக்கார்டரே கிடையாது.