பேஸ்மென்ற் சுவரில் ஒரு தலையாட்டி

வோபர்ன்,
ஞாயிற்றுக்கிழமை.

தம்பி அகஸ்ரின் அறிய, அண்ணன் அருள்நாயகம் எழுதுவது.

கல்கரியில் செலீனின் தமையன் வீட்டில் நீ சுகமாக இருப்பாய் என்று நினைக்கிறேன். நான் ஃபோன் எடுத்தால் நீ எடுப்பதில்லை, அதனால் எழுதுகிறேன். இங்கே சுகமில்லாதவன் பெயின்ரர் அலெக்ஸாண்டர். தாடையைக் கம்பி போட்டுக் கட்டியிருக்கிறார்கள். வலக்கை விரல்கள் நசிந்துவிட்டன. இனித் தூரிகை பிடிப்பானா என்று டொக்டருக்கே தெரியாது.

அவன் ஏணியிலிருந்து விழுந்தான் என்று பொலிசுக்குச் சொல்லும்படி உன் மனுசி செலீன் வந்து கேட்டா. ஏணியால் விழுகிறவனுக்கு முதுகில் இரும்புத்தடி பட்ட அடையாளம் வராது என்றேன். அழுதா. புதுவீடு குடிபூரலன்று என்னைக் கராஜில் பிளாஸ்ரிக் கதிரையில் இருத்திச் சாப்பாடு தந்தவ, இப்போது மூச்சுக்கு மூச்சு அண்ணை என்கிறா.

எல்லாம் ஒரு சொல்லில் தொடங்கியது. ஸ்ரௌவ்வில் ஊரிலுள்ள உன் வீட்டின் நிலக்கீழ் பேஸ்மென்ற்றுக்குப் பெயின்ற் அடிக்க ஆள் கேட்டாய். என் கட்டடத்தில் நல்ல பெயின்ரர் ஒருவன் இருக்கிறான் என்றேன். நான் சொன்னது படம் வரைபவனை, சுவருக்கு நிறம் அடிப்பவன் என்று நீ நினைத்தாய். வயிற்றுக்காக அவன் அதையும் செய்கிறவன்தான். ஆனால் விருப்பம்போலச் செய் என்று நீ ஃபோனில் சொன்னதை, சுவரையே தனக்குத் தந்துவிட்டாய் என்று எடுத்துக்கொண்டான்.

அவன் கயோவா என்ற ஆதிக்குடியைச் சேர்ந்தவன். ஒரு பெண்ணின் பின்னால் ஒக்லஹோமாவிலிருந்து இங்கே வந்தவன். வரைய ஒருவரும் கற்றுக்கொடுக்கவில்லை. நிறம் பிழைத்ததென்று கடைக்காரர் மலிவாகப் போடும் பெயின்ற் ரின்களை வாங்கி, ஒட்டுப்பலகையில் வரைந்து பழகினான். வானம் வரையமாட்டான், நிலம் வரையமாட்டான். ஆட்களை மட்டும் வெறுமையில் நிறுத்துவான். அவனுடைய பாட்டன்மார் தாங்கள் பட்ட சண்டைகளை எருமைத்தோலில் வரைந்தவர்களாம். கதைக்குச் சொந்தக்காரனைக் கேட்காமல் வரையக்கூடாது என்பது அவன் வைத்திருக்கும் முறை.

என்னைக் கேட்டான். எங்கள் மூத்தவர் றெமிஜியஸ் அண்ணையை ஊரில் ஆமி கொண்டுபோன கதையை நான் அவனுக்குச் சொல்லியிருந்தேன். சுற்றிவளைப்பு, பள்ளிக்கூட மைதானம், வரிசையில் ஊர் ஆண்கள், ஜீப்புக்குள் சாக்கால் தலையை மூடியிருந்து, ஆட்களைத் தலையசைத்துக் காட்டிக்கொடுக்கும் தலையாட்டி. அண்ணை முன்னால் வந்தபோது சாக்கு ஆடியது. துவக்குப்பிடியால் அவருடைய வாயை உடைத்து, தலைமயிரில் பிடித்து இழுத்துப்போனார்கள். எலும்புகூடத் திரும்பவில்லை. வரை என்றேன்.

கைகளை மனதிலிருந்து வரைய அவனுக்கு வராது. பக்கத்தில் நிற்பவர்களுடைய கைகளைப் பார்த்துத்தான் போடுவான். அண்ணைக்கு என் கைகளைப் போட்டான். வேலை எப்படிப் போகிறதென்று நீ ஒருநாள் பார்க்க வந்து, இடது மணிக்கட்டை வலக்கையால் இறுக்கியபடி நின்றாயாம். அந்தக் கைகளைத் தலையாட்டிக்குப் போட்டான். அதற்குமேல் அவன் ஒன்றையும் நினைக்கவில்லை.

படம் முடிந்ததும் நானும் உன்னுடன் படியிறங்கினேன். சாக்குக்கு முகமில்லை, அகஸ்ரின். நீ கைகளைப் பார்த்தாய். உடனே பெயின்ற் ரோலரின் இரும்புத்தடியை எடுத்தாய். முதல் அடியில் பல் தெறித்தது. விழுந்தவனின் விரல்களைச் சப்பாத்தால் மிதித்து அரைத்தாய். பிடித்து இழுத்த என் நெற்றியையும் பிளந்தாய். வெள்ளைப் பெயின்றும் இரத்தமும் தரையில் ஒன்றாக ஓடின. தமிழில் ஒரு சொல்லும் தெரியாத அந்த மனிதனிடம், அடிக்கு அடி, ஆரடா உனக்குச் சொன்னது, ஆரடா சொன்னது என்று கத்தினாய்.

சுற்றிவளைப்புக்கு ஒரு கிழமை முந்தி ஆமி உன்னைப் பிடித்திருந்தது. அண்ணையைக் கொண்டுபோன அன்று பின்னேரம் நீ வீட்டுக்கு வந்தாய். உன் விரல்களில் நகங்கள் இருக்கவில்லை. ஒரு பிள்ளையையாவது மாதா திருப்பித் தந்தா என்று, சாகும்வரை அம்மா சொல்லிக்கொண்டிருந்தா.

நேற்று ஆஸ்பத்திரியில் அலெக்ஸாண்டர், திறக்க முடியாத பல்லுக்குள்ளால், தான் பிழையான சகோதரனைக் கேட்டுவிட்டேனா என்றான். நான் எழும்பி வந்துவிட்டேன்.

வியாழக்கிழமை பொலிசில் என் வாக்குமூலம். நீ அடித்ததைச் சொல்லத்தான் போகிறேன், அதில் மாற்றமில்லை. அடிக்கும்போது நீ என்ன கத்தினாய் என்று, முதல் நாள் விசாரிக்க வந்த பொலிஸ் அதிகாரி கேட்டாள். ஏதோ தூஷணம் என்று தள்ளிவிட்டேன். அவள் நம்பவில்லை, திரும்பவும் கேட்பாள். அந்த இரண்டு சொல்லையும் இங்கிலிசில் சொல்ல எனக்குப் படிப்பு இருக்கிறது. சொல்வதா என்றுதான் தெரியவில்லை.

அம்மாவும் இல்லை, அண்ணையும் இல்லை. உன் தலையில் கைவைத்து ஆசீர்வதிக்க மிஞ்சியிருப்பவன் நான் ஒருவன். அந்தக் கை இன்னும் எழும்புகிறதில்லை. வியாழனுக்கு முன் ஃபோன் எடு, தம்பி. நான் குறுக்கே பேசமாட்டேன். நகங்களிலிருந்து தொடங்கு.

உன் அண்ணன்,
அருள்நாயகம்