ஆறாம் பாட்டு அவிழ்க்க வேண்டும்

திருப்பூர்
சித்திரை, வெள்ளிக்கிழமை

அன்புள்ள மாமாவுக்கு,

மதுமதி வணக்கத்துடன் எழுதுவது. நலமாக இருக்கிறோம் என்று எழுதத்தான் ஆசை. ஆனால் இங்கே எல்லாரும் இருந்தபடியே இருக்கிறோம், அதுதான் தொல்லை. போனில் பதிகம் என்று வாயெடுத்தாலே டவர் இல்லை என்று வைத்துவிடுகிறீர்கள். கூரியரில் வரும் காகிதத்தை அப்படி வைத்துவிட முடியாது. அதனால்தான் எழுதுகிறேன்.

முதலில் மாவு சமாச்சாரம். நம் வீட்டில் தோசை மாவு புளிப்பதில்லை, பால் உறைவதில்லை. பக்கத்து வீட்டு மருதாள் அக்காவிடம் புளித்த மாவு வாங்கி வாங்கி எனக்கே வெட்கமாக இருக்கிறது. கிரைண்டர் ரிப்பேரா என்று கேட்கிறார். என் மாமனார் பாட்டுப் பாடிக் காலத்தைக் கட்டிவிட்டார் என்று சொன்னால் நம்புவாரா?

எல்லாம் உங்கள் அப்பாவின் வேலை. ஐப்பசியில் டாக்டர் கையை விரித்துவிட, அத்தையை வீட்டுக்குக் கொண்டுவந்தோம். மூச்சு இழுத்துக்கொண்டிருந்தது. உங்கள் அப்பா குளித்துத் திருநீறு பூசி, கட்டிலருகே உட்கார்ந்து முருகன் பதிகத்தை ஆரம்பித்துவிட்டார். தறி ஓடிய காலத்தில், சேலை முடியும்வரை பொழுது சாயாமல் இருக்க உங்கள் முன்னோர் பாடியது என்று கல்யாணமான புதிதில் நீங்கள் சொன்னபோது நான் சிரித்தேன். இப்போது சிரிப்பு வரவில்லை.

பேர்தான் பதிகம், மொத்தம் ஆறே பாட்டு. ஐந்து பாட்டு காலத்தைக் கட்டும், ஆறாம் பாட்டு அவிழ்க்கும். ஐந்தைத் தகப்பன் பாடுவார், சேலை முடிந்து தறியில் பாவு நூலை அறுக்கும்போது ஆறாவதை மூத்த மகன் பாட வேண்டும். மகன் எத்தியோப்பியாவில் பனியன் கம்பெனியில் இருக்கிறான் என்று தெரிந்தும் ஆரம்பிப்பாரா ஒரு மனிதர்? அதையும் நீங்களே பாடிவிடுங்கள் என்று கெஞ்சினேன். "அது அவன் பாட்டு கண்ணு. நான் பாடுனா அவுராது" என்றார். போனில் செல்லுமா என்று கேட்டேன். பாவு இருக்கும் இடத்தில்தானே அறுக்க முடியும் என்று சொல்லிவிட்டு பனியன் கம்பெனி செக்கிங் டேபிளுக்கு வேலைக்குப் போய்விட்டார். அவருக்குத் தாடி வளர்வதில்லை, ஷேவிங் வேலை மிச்சமாம். எனக்குப் பற்றிக்கொண்டு வருகிறது.

அத்தை அன்றைய மூச்சோடு அப்படியே கிடக்கிறார். வலியும் அன்றைய வலிதான், துளியும் குறையவில்லை.

இன்னொன்று. அன்று நான் அடுப்படியில் நின்று முழுவதையும் கேட்டேன். வீட்டோடு, கேட்டவர்களையும் சேர்த்துத்தான் அது கட்டுமாம். இதைப் பிறகுதான் சொல்கிறார். குன்னத்தூரில் அம்மா வீட்டுக்குப் போய்ப் பார்த்தேன். அங்கே மாவு பொங்கி வழிந்தது. என் வயிறு மட்டும் ஏழாம் மாதத்திலேயே நிற்கிறது. பிள்ளை உதைக்கிறது, வளரவில்லை. நான் தேதியைத் தப்பாகச் சொல்வதாக ஸ்கேன் டாக்டரம்மா திட்டுகிறார்.

நீங்களோ ஷிப்மெண்ட் முடியட்டும் என்கிறீர்கள். ஒன்று முடிந்தால் இன்னொன்று வருகிறது. நீங்கள் பாடினால் அத்தை போய்விடுவார், அந்தப் பயம்தான் என்று எனக்குத் தெரியாதா? எனக்கும் அவர் வேண்டும். அதற்காகப் பிள்ளையை வயிற்றிலேயே வைத்துக்கொண்டு இருக்க முடியாது மாமா.

நேற்று முதுகு துடைத்துவிடும்போது அத்தை என் வயிற்றில் கை வைத்தார். பிள்ளை உதைத்தது. வெகுநேரம் கையை எடுக்கவில்லை. பிறகு சொன்னார்: "இது வெளிய வரோணும் கண்ணு. அவன வரச் சொல்லு. நான் மொகம் பாக்காட்டிப் போவுது."

இதற்கு மேல் நான் என்ன எழுத? தினமும் கொஞ்சம் மாவு அரைத்து வைக்கிறேன். அது பொங்கும் காலையில் இந்த வீட்டில் ஓர் அழுகை கேட்கும். அப்புறம் கொஞ்ச நாளில் இன்னோர் அழுகை கேட்கும். இரண்டுக்கும் நீங்கள் என் பக்கத்தில் இருக்க வேண்டும்.

உங்களுக்குக் கோபமாக எழுதாதே என்றார் அத்தை. நல்லா இரு சாமி என்று எழுதச் சொன்னார், எழுதிவிட்டேன். வந்துவிடுங்கள்.

இப்படிக்கு,
உங்கள் மதுமதி