பாட்டு நிற்கக் காத்துக் கிடந்தவர்

நேற்று எங்கள் தெருமுனை மண்டபத்தில் ஒரு கல்யாணம். விடிந்ததிலிருந்து ஆளுயரப் பெட்டிகளில் பாட்டு அதிர்ந்துகொண்டிருந்தது. ஒன்பது மணிக்குச் சட்டென்று கரண்ட் போனது. ஜெனரேட்டர் போடும்வரை ஒரு நிமிஷம் இருக்கும். தெருவே மூச்சைப் பிடித்துக்கொண்ட மாதிரி ஓர் அமைதி. காபி டம்ளரை அப்படியே வைத்துவிட்டு வாசலில் வந்து நின்றேன். "யாரும் கூப்பிட்டாகளா?" என்று வீட்டில் கேட்டாள். இல்லை என்றேன். நீ இருந்திருந்தால் கேட்டிருக்க மாட்டாய்.

நீ போய் ஒரு வருஷம் ஆகப்போகிறது. உன்னிடம் சொல்லாமலே வைத்திருந்த ஒன்றை இன்றைக்குச் சொல்லிவிடுகிறேன்.

எண்பதுகளின் கடைசி அது. அருப்புக்கோட்டையில் நாம் இருவரும் மைக்செட் கடை போட்டு மூன்றாவது வருஷம். தறியில் உட்காரப் பிடிக்காமல் வந்தவன் நான். வீட்டில் தெலுங்கில் வாங்கும் திட்டைக் கடையில் வந்து சொல்வேன். அதை நீ தப்புத் தப்பாகத் திருப்பிச் சொல்லிச் சிரிப்பாய். அப்போதுதான் திருச்சுழிக்குத் தெற்கே அந்தக் கல்யாணம் வந்தது. ஊர் சர்ச் சின்னது, நாற்பது பேருக்கு மேல் உட்கார முடியாது. அதனால் பக்கத்துப் பொட்டலில் பந்தல் போட்டு அங்கேயே ஜெபம், அங்கேயே தாலி.

முந்தின நாள் மத்தியானம் சாமான்களோடு போய் இறங்கினோம். பொண்ணோட அம்மா உன் கையைத் தடவிப் பிடித்துக்கொண்டு பேசியது ஞாபகம் இருக்கிறதா? அவர்களுக்குக் கண் தெரியாது. "எம்மக சம்மதம்னு சொல்றது எங்காதுல தெளிவா விழணும் தம்பி. எனக்குக் கல்யாணம்ங்கிறது அம்புட்டுத்தான்" என்றார்கள்.

நீ அதை அப்படியே மனசில் வாங்கிக்கொண்டாய். அன்று ராத்திரி வரைக்கும், மறுநாள் விடிந்தும் பாட்டுப் போட்டோம். ஜெபம் தொடங்க அரை மணி இருக்கும்போது ஊரின் சத்தங்களை ஒவ்வொன்றாக அடக்கக் கிளம்பினாய். ஜெனரேட்டரைத் தள்ளிக்கொண்டுபோய்ப் பள்ளிக்கூடச் சுவருக்கு அந்தப்பக்கம் வைத்தாய். வைகாசிக் காற்று மைக்கில் புஸ்ஸென்று இரையாமல் உன் கைக்குட்டையை அதன்மேல் கட்டினாய். படபடத்த தகரத்தின்மேல் கல்லை ஏற்றினாய். ஆட்டு மணிகளுக்குள் துணியைத் திணித்தாய். சமையல்காரரிடம் போய், "அண்ணாச்சி, ஒரு கால் மணி நேரம் கரண்டியக் கீழ வச்சிருங்க" என்றாய். பஸ் டிரைவரிடம்கூட ஆரன் அடிக்க வேண்டாம் என்று கேட்டு வந்தாய். நான் உன்னைக் கேலி செய்துகொண்டிருந்தேன்.

கடைசியாகப் பாட்டையும் நிறுத்தினாய். பாஸ்டர் ஜெபத்தை முடித்துவிட்டு நிமிர்ந்தார். பொண்ணும் மாப்பிள்ளையும் எழுந்து நின்றார்கள். அந்தப் பொட்டலில் அப்படி ஓர் அமைதியை அந்த ஊர்க்காரர்களே கேட்டிருக்க மாட்டார்கள். முந்நூறு பேர் உட்கார்ந்திருக்கிறார்கள், ஒரு பிள்ளை அழவில்லை.

அப்போதுதான் ஸ்பீக்கர் குழாயில் அது வந்தது. நீளமாக, ஏறி இறங்கி, ஒரு முனகல்.

"ஏலே, எர்த்து சரியில்ல. ஒரு பாட்டப் போட்டுச் சமாளிச்சிருவோம்" என்றேன்.

நீ ஆம்ப்ளிபயரை அணைத்தாய். சிவப்பு விளக்கு அணைந்தது. சத்தம் நிற்கவில்லை. குழாயில் இல்லை, மைக்கில் இல்லை. நம் காலுக்குக் கீழே மண்ணுக்குள்ளிருந்து வருகிற மாதிரி இருந்தது.

முன்வரிசையில் பொண்ணோட அம்மா தலையைத் திருப்பினார்கள். "இங்கன இல்லாத ஒரு ஆளு கூப்பிடுறாக" என்றார்கள்.

"நல்ல நேரத்துல என்ன பேச்சுப் பேசுற?" என்று பொண்ணோட அப்பா அதட்டினார். பின்னால் யாரோ பாழுங்கிணறு என்று முணுமுணுத்தார்கள். எப்போதோ ஒரு பெண் விழுந்து செத்த கிணறு அது; அந்தப் பக்கம் யாரும் போவதில்லை. சின்னப் பிள்ளைகளைப் பக்கத்தில் இழுத்துக்கொண்டார்கள். பாஸ்டர் புத்தகத்தை மூடவுமில்லை, படிக்கவுமில்லை.

"நீ மைக்கப் பாத்துக்க" என்று என்னிடம் சொல்லிவிட்டு, வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு வேலிக்கருவைக் காட்டுக்குள் நடந்தாய். கல்யாணக் கோட்டோடு மாப்பிள்ளையும் உன் பின்னாலேயே வந்தார். நான் போகவில்லை.

கிணற்றில் இருந்தது பேயில்லை. கரி சுடும் மூட்டத்துக்கு விறகு வெட்ட வந்த வெளியூர்க்காரர், முந்தின நாள் காலையில் கால் தவறி விழுந்திருந்தார். ஊருக்குப் போயிருப்பார் என்று கூட வந்தவர்கள் விட்டுவிட்டார்கள். நம்முடைய பந்தல் கயிற்றைக் கட்டித்தான் அவரைத் தூக்கினீர்கள். தொடை எலும்பு முறிந்திருந்தது. உதடு வெடித்து, முகமெல்லாம் மண். டிராக்டரில் வைக்கோலைப் பரப்பிப் படுக்க வைத்தபோது உன் சட்டையைப் பிடித்துக்கொண்டு அவர் சொன்னதை நானும் கேட்டேன்.

"பாட்டு நிக்கட்டும், நின்னதும் கூப்பிடலாம்னு தெம்ப வச்சிக்கிட்டே கெடந்தேன். ஒண்ணு முடிஞ்சா இன்னொண்ணு வந்துச்சு. ராத்திரி நின்னப்ப நான் மயங்கிட்டேன் போல."

டிராக்டர் அருப்புக்கோட்டைக்குப் போனது. நீ கைகால் கழுவிவிட்டு வந்து மறுபடி மைக்கைப் போட்டாய். பொண்ணு சம்மதம் என்று சொன்னது பொட்டல் முழுக்கக் கேட்டது. அவள் அம்மா வாயைப் பொத்திக்கொண்டு அழுதார்கள். கேட்காதவன் நான் ஒருத்தன்தான்.

ஏன் தெரியுமா? முந்தின நாள் சாயங்காலம், வேப்பமரத்தில் இரண்டாவது குழாயைக் கட்ட ஏறினவன் நான். நீ பந்தலுக்குள் ஒயர் இழுத்துக்கொண்டும் இசைத்தட்டை மாற்றிக்கொண்டும் இருந்தாய். ஒரு பாட்டு முடிந்து நீ அடுத்த இசைத்தட்டை வைக்கும் அந்தச் சின்ன இடைவெளியில், கிணற்றுப் பக்கமிருந்து "அய்யா" என்று கேட்டது. தெளிவாகத்தான் கேட்டது. செத்த பெண்ணின் கதையைச் சாப்பாட்டு நேரத்தில் யாரோ சொல்லியிருந்தார்கள். ஆம்பளைக் குரல் என்று யோசிக்கக்கூட எனக்குத் தோன்றவில்லை. பயத்தில் குழாயின் வாயை அந்தக் கிணற்றைப் பார்த்தே திருப்பிக் கட்டிவிட்டு இறங்கினேன். நேராகப் போய்ச் சத்தத்தைக் கூட்டி வைத்தேன். காட்டைப் பார்த்துக் குழாய் இருக்கிறதே என்று நீ கேட்டாய். காத்து திருப்பியிருக்கும் என்றேன்.

அவர் பிழைத்துக்கொண்டார். ஏழெட்டு மாசம் கழித்து, கம்பை ஊன்றிக்கொண்டு நம் கடைக்கு வந்தார். நீ டீ வாங்கப் போயிருந்தாய். "பாட்ட நிறுத்தி என் உசுரக் காப்பாத்துனீக" என்று என் இரண்டு கையையும் எடுத்துக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். நான் கையை இழுத்துக்கொள்ளவில்லை. நீ டீயோடு வந்து, எங்களைப் பார்த்துச் சிரித்தபடி நின்றாய்.

அதற்கப்புறம் எந்தப் பாட்டும் எனக்குப் பாட்டாக மட்டும் கேட்டதில்லை. அதற்கு அடியில், முடியட்டும் என்று யாரோ காத்துக் கிடக்கிறார்களா என்று காது தேடிக்கொண்டே இருக்கிறது. அதைவிட இன்னொன்றுதான் என்னை அதிகமாக அரிக்கிறது. அன்றைக்குச் சாயங்காலமே மரத்தைவிட்டு இறங்கி வந்து உன்னிடம் சொல்லியிருந்தால், நீ என்னைக் கேலிகூடச் செய்திருக்க மாட்டாய். டார்ச் லைட்டை எடுத்துக்கொண்டு, "வாலே, ஒரு எட்டுப் போய்ப் பாத்துட்டு வந்துருவோம்" என்றிருப்பாய். நானும் உன் பின்னால் வந்திருப்பேன்.