அப்பா கொடுத்த டிவி

அட்லாண்டிஸ்,
ஜூன் மாதம், செவ்வாய்க்கிழமை.

அன்பு மகன் எல்ராய் அறிய,

உன் அம்மா எழுதுகிறேன். நன்றாக இருக்கிறேன் என்று எழுதினால் நீ நம்பமாட்டாய். நடமாடிக்கொண்டிருக்கிறேன், அவ்வளவுதான். நீ வேளைக்குச் சாப்பிடுகிறாய், ராத்திரி தூங்குகிறாய், காலையில் மற்றவர்களோடு திராட்சைத் தோட்டத்துக்குக் கொடி வெட்டப் போகிறாய் என்று, உன்னைக் கூட வைத்திருக்கிற பீட் மாமா சொன்னார். முகத்தில் கொஞ்சம் சதை பிடித்திருக்கிறதாம். அதைக் கேட்டு அடுப்படியில் நின்று அழுதேன். அழுது முடித்ததும் கோபம் வந்தது. இந்தக் கடிதத்தில் இரண்டும் இருக்கும், பொறுத்துக்கொள்.

போனில் பேசலாமே என்று நினைப்பாய். உன் போனை நீ விற்றாகிவிட்டது. மாமாவின் போனில் கூப்பிட்டால் நீ கொட்டகைக்குப் பின்னால் போய் ஒளிந்துகொள்கிறாயாம். அதுவும் ஒருவிதத்தில் நல்லதுதான். வாயால் பேசியிருந்தால் நான் கத்தியிருப்பேன். எழுதினால் கை வலிக்கிறது, அதனால் வேண்டியதை மட்டும் எழுதுவேன்.

உன் மேல் போலீசில் கேஸ் இருக்கிறது என்று யாரோ சொல்லி, அதனால்தான் நீ இந்தப் பக்கமே தலைகாட்டாமல் இருக்கிறாய் என்று மாமா சொன்னார். எல்ராய், கேஸ் எதுவும் இல்லை. ஏன் இல்லை என்று சொல்லத்தான் இந்தக் கடிதம்.

நீ டிவியை எடுத்துக்கொண்டு போன அன்று நான் உன் அப்பாவின் மாத்திரைக்காக கிளினிக் வரிசையில் நின்றுகொண்டிருந்தேன். உன்னை நம்பித்தான் அவரை விட்டுப் போனேன். பக்கவாதத்தில் பேச்சும் வலது கையும் போய் அவர் படுக்கையில் விழுந்த பிறகு, முன்னறையிலிருந்த டிவியைத் தூக்கி வந்து அவர் கால்மாட்டில் சுவரில் மாட்டியவனும் நீதான். சனிக்கிழமை ரக்பி ஆட்டத்தை இரண்டு பேரும் சேர்ந்து பார்ப்பீர்கள். பத்து வருஷமாக நேராகப் பேசிக்கொள்ளாத அப்பாவும் மகனும் அந்த ஆட்டத்தின்போது மட்டும் ஒரே பக்கம் இருப்பீர்கள். நான் திரும்பி வந்தபோது சுவரில் ஒயர் தொங்கிக்கொண்டிருந்தது. கட்டிலை நீ ஜன்னல் பக்கம் திருப்பிப் போட்டிருந்தாய். போர்வையைக் கால்வரைக்கும் இழுத்து விட்டிருந்தாய். அதைப் பார்த்து எனக்கு ஆத்திரம்தான் அதிகமாயிற்று. இவ்வளவு தெரிந்தவனுக்கு, படுத்திருக்கிறவரிடமிருந்து டிவியை எடுக்கக்கூடாது என்று தெரியவில்லையே என்று.

வீட்டில் பல்புகள் ஒவ்வொன்றாகக் காணாமல் போனபோதே எனக்குப் புத்தி வந்திருக்க வேண்டும். பல்பை உடைத்துக் குழாயாக்கி அந்த டிக் என்கிற போதைச் சனியனை இழுக்கிறார்கள் என்று இந்தத் தெருவில் குழந்தைக்கும் தெரியும். நான்தான் கடைக்காரன் மட்டமான பல்பைத் தலையில் கட்டுகிறான் என்று அவனோடு போய்ச் சண்டை போட்டேன்.

சரி, அதை விடு. ஈஸ்டர் முடிந்து, டிவி வைத்திருப்பதற்கு வருஷக் கட்டணம் கேட்கிற லைசென்ஸ் கடிதம் வந்தது. வருஷா வருஷம் வருவதுதான். உன் அப்பாவை உனக்குத் தெரியும். இந்தத் தெருவில் டிவிக்கு லைசென்ஸ் கட்டின ஒரே மனுஷன் அவர். டோரீன் ஆன்ட்டி வேலிக்கு அந்தப் பக்கம் நின்றுகொண்டு, "என்ன ஐசக், கவர்மென்ட்டுக்கே நீதான் சோறு போடுறியாமே"ன்னு கேலி பண்ணுவாள். அவரோ தொப்பியை எடுத்து வைத்துக்கொண்டு கட்டப் போய்விடுவார். ஃபவுண்டரியில் வேலை போன வருஷத்திலும் கட்டினார். இந்த முறை அந்த உறையைப் பார்த்ததும் இடது கையால் அதைக் காட்டினார், பிறகு வெறும் சுவரைக் காட்டினார். டிவி இல்லாத வீட்டுக்கு எதற்கு லைசென்ஸ், ரத்து செய் என்கிறார். நான் புரியாத மாதிரி இருந்து பார்த்தேன். விடவில்லை. உறையைத் தலையணைக்கு அடியில் வைத்துக்கொண்டு, நான் அறைக்குள் வரும்போதெல்லாம் எடுத்து எடுத்து நீட்டினார்.

லைசென்ஸ் அலுவலகத்துக்குப் போன் பண்ணினேன். ஒரு சின்னப் பெண் எடுத்தாள். வீட்டில் டிவி இல்லை, எழுதிக்கொள் மகளே என்றேன். "இல்லன்னா எங்க போச்சு ஆன்ட்டி"ன்னு கேட்டாள். அது உனக்கு எதற்கு என்றேன். "எனக்கு வேணாம் ஆன்ட்டி, கம்ப்யூட்டருக்கு வேணும். திருடு போச்சுன்னா போலீஸ் கேஸ் நம்பர் குடுங்க. வித்தீங்க, இல்ல யாருக்காச்சும் குடுத்தீங்கன்னா, அவங்க பேரும் விலாசமும் எழுதி, லைசென்ஸ் யார் பேர்ல இருக்கோ அவங்க போலீஸ் முன்னால சத்தியம் பண்ணி அனுப்பணும்"னு சொன்னாள். மரியாதையான பெண்தான். ஆனால் நான் போனை வைத்துவிட்டு அப்படியே உட்கார்ந்துவிட்டேன். அதுவரை யாரும் என்னிடம் அந்தக் கேள்வியைக் கேட்கவில்லை. அக்கம்பக்கத்தில் எல்லாருக்கும் தெரியும், தெரிந்ததனாலேயே கேட்கவில்லை.

உன் அக்கா ரொசெல்டா அன்று சாயங்காலம் சூப்பர்மார்க்கெட் வேலை முடிந்து நேரே இங்கே வந்தாள். "இன்னும் எத்தனை நாளைக்கும்மா அவனுக்கு முட்டுக் குடுப்ப? கேஸ் குடு. போலீஸ் தேடிப் பிடிச்சா கோர்ட்டாவது அவன திருத்துற எடத்துக்கு அனுப்பும். நீ கெஞ்சி என்னத்தக் கண்ட?"ன்னு கேட்டாள். அவள் சொன்னதில் தப்பு இல்லை. நான் சம்மதித்தேன். உன்னிடம் மறைக்கமாட்டேன் எல்ராய். திருட்டு என்றே எழுதச் சொல்லி, உன் பெயரையும் சொல்லிவிடுவது என்று நான் முடிவு பண்ணிவிட்டேன். பெற்ற வயிறு எரிந்தது, ஆனாலும் முடிவு பண்ணினேன்.

லைசென்ஸ் அப்பாவின் பெயரில் இருக்கிறது. அவரை ஸ்டேஷனுக்குத் தூக்கிக்கொண்டு போக முடியாது. சபை பேண்டில் அவர் பக்கத்தில் நின்று டிரம்பெட் ஊதின சார்ஜன்ட் அடோனிஸைக் கேட்டேன். அவர் முத்திரையும் மைப்பெட்டியும் எடுத்துக்கொண்டு சனிக்கிழமை வீட்டுக்கு வந்தார். ரொசெல்டாவும் இருந்தாள். நான் திருட்டு என்றேன், உன் பெயரைச் சொன்னேன். அவர் பேனாவை எடுத்தார், ஆனால் எழுதவில்லை. "லைசென்ஸ் அவர் பேர்ல இருக்கு, அவர்கிட்டயும் ஒரு வார்த்தை கேட்டுருவோம் ஆன்ட்டி"ன்னு சொல்லிக் கட்டில் பக்கம் நாற்காலியை இழுத்துப் போட்டார்.

"ஐசக் அங்கிள், டிவி திருடு போச்சா?"ன்னு கேட்டார். உன் அப்பா இல்லை என்று தலையை ஆட்டினார்.

அன்றைக்கு அவர் தூங்கியிருப்பார், அவருக்குத் தெரியாது என்று நான் குறுக்கே சொன்னேன். உடனே இடது கையால் கட்டில் சட்டத்தில் ஓங்கி அடித்தார். அவர் தூங்கவில்லை எல்ராய். நீ ஒவ்வொரு திருகாணியாகக் கழற்றியதைப் பார்த்துக்கொண்டுதான் இருந்திருக்கிறார்.

"அப்ப வித்தீங்களா?" என்றார் சார்ஜன்ட். இல்லை. "யாருக்காச்சும் குடுத்தீங்களா?" ஆமாம் என்று தலையை அசைத்தார். யாருக்கு என்று கேட்டதும் கையைத் தூக்கிச் சுவரில் இருந்த படத்தைக் காட்டினார். திடப்படுத்தல் ஆராதனையன்று வெள்ளைச் சட்டையும் கறுப்பு டையுமாக நீ நிற்கிற படம்.

ரொசெல்டா, "பொய்ப்பா, எதுக்குப்பா இப்படி"ன்னு சொல்லிவிட்டுக் கதவைச் சாத்திக்கொண்டு வெளியே போய்விட்டாள். சார்ஜன்ட் எழுதினார். டிவியை மகன் எல்ராய் ஃபோர்ட்டுயினுக்குக் கொடுத்துவிட்டேன் என்று எழுதி, விலாசம் கேட்டார். நான் பீட் மாமாவின் விலாசத்தைச் சொன்னேன். இனி லைசென்ஸ் கட்டச் சொல்லி உனக்குத்தான் கடிதம் வரும். வரட்டும். ஒரு கடிதமாவது உன்னைத் தேடி வரட்டும்.

பிறகு சத்தியம். எல்லாரிடமும் கேட்கிற மூன்று கேள்விகள்தான். எழுதியிருப்பது தெரியுமா, புரிந்ததா என்றார். தலையசைத்தார். சத்தியம் செய்வதில் ஆட்சேபணை உண்டா என்றார். இல்லை என்று ஆட்டினார். இந்தச் சத்தியம் உங்கள் மனசாட்சியைக் கட்டும் என்று ஒப்புக்கொள்கிறீர்களா என்றார். அப்போது உன் அப்பா என்னைப் பார்த்தார். நாற்பது வருஷம் கூட வாழ்ந்தவள் நான், அந்தப் பார்வை எனக்குப் புதிது. கண்ணை மூடிக்கொண்டார், ஓரத்தில் தண்ணீர் வழிந்தது. அப்புறம் தலையை அசைத்தார். சார்ஜன்ட் அவர் இடது கட்டைவிரலை மையில் தோய்த்துக் காகிதத்தில் அழுத்தினார்.

வாசல்வரை கூடப் போனேன். கேட்டைத் திறந்துகொண்டே அவர் சொன்னார்: "இத்தன வருஷம் அவர் பக்கத்துல நின்னு ஊதியிருக்கேன் ஆன்ட்டி. ஒரு சுரம் தப்பினாக்கூட யாரும் கேக்குறதுக்கு முன்னால கையத் தூக்கி, நாந்தான்னு சொல்ற மனுஷன். இன்னிக்கு நான் எதுல முத்திர குத்துனேன்னு எனக்குத் தெரியும்." மழையில் இறங்கிப் போய்விட்டார்.

காகிதத்தை அனுப்பினேன். லைசென்ஸ் ரத்தாகிவிட்டது என்று பதில் வந்தது. சந்தோஷப்படுவார் என்று நினைத்து அதை அவருக்கு உரக்கப் படித்துக் காட்டினேன். ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருந்தவர் முகத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொண்டார்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை பாஸ்டர் வீட்டுக்கு இராப்போஜனம் கொண்டுவந்தார். மாதத்துக்கு ஒரு முறை வருவாரே, அதேதான். இதற்காகக் காலையிலேயே சவரம் செய்யச் சொல்லிக் கன்னத்தைத் தடவிக் காட்டுகிறவர் அப்பா. அன்றைக்குக் காட்டவில்லை. அப்பத்தை வாயருகே கொண்டுபோனதும் உதட்டை இறுக்கி மூடிக்கொண்டார். விழுங்கக் கஷ்டமாயிருக்கும் என்று பாஸ்டர் நினைத்து அப்பத்தைத் திராட்சை ரசத்தில் நனைத்துக் கொடுத்துப் பார்த்தார். தலையை ஆட்டிவிட்டார். போன மாதமும் அப்படித்தான். கஞ்சி குடிக்கிற வாய், இதற்கு மட்டும் திறக்கமாட்டேன் என்கிறது. எனக்கு விளங்க இவ்வளவு நாள் ஆயிற்று, நான் ஒரு மக்கு. பொய்ச் சத்தியம் பண்ணின வாயில் அதை வாங்கக்கூடாது என்று இருக்கிறார்.

நான் சொல்லிப் பார்த்தேன். அப்பன் மகனுக்குக் கொடுப்பதற்கு யாரைக் கேட்க வேண்டும், நீங்கள் கொடுத்தீர்கள், அவன் எடுத்துக்கொண்டான், இதில் என்ன பொய் என்றேன். என்னைப் பரிதாபமாகப் பார்த்தார். நான் சொன்னால் எடுபடாது. அன்றைக்கு அந்த அறையில் நீங்கள் இரண்டு பேர்தான் இருந்தீர்கள். நீ அவரைக் கேட்டாயா, அவர் தலையசைத்தாரா, ஒன்றும் கேட்காமல் கழற்றினாயா, எனக்குத் தெரியாது. தெரிந்துகொள்ளவும் எனக்கு வேண்டாம்.

கிளினிக் சிஸ்டர் அவர் நெஞ்சில் குழாயை வைத்துக் கேட்டுவிட்டு என்னைத் தனியாக அழைத்துப் பேசினாள். அதை இங்கே எழுதமாட்டேன். நீ பெரியவன், புரிந்துகொள்வாய்.

எல்ராய், உன்னைத் திட்டக் கூப்பிடவில்லை. ரொசெல்டா கத்துவாள், தலையைக் குனிந்துகொண்டு கேட்டுக்கொள், அவளும் அழுது ஓய்ந்துவிடுவாள். தெருவில் டோரீன் ஆன்ட்டி ஏதாவது சொல்வாள், அவள் யாரைத்தான் சொல்லவில்லை. டிவியைக் கொண்டுவா என்று நான் கேட்கவில்லை. அது எங்கே இருக்கிறது என்று எனக்குத் தெரியும், முடிதிருத்துகிறவன் கடையில் ஓடிக்கொண்டிருக்கிறது. இருந்துவிட்டுப் போகட்டும்.

நீ வந்து உன் அப்பாவின் கட்டிலுக்குப் பக்கத்தில் உட்கார். அவர் கையைப் பிடித்துக்கொண்டு, அப்பா, நீங்கள் கொடுத்த டிவிக்கு நன்றி என்று சொல்லு. அந்த ஒரு வார்த்தைதான். அதை நான் சொல்ல முடியாது, சார்ஜன்ட்டோ பாஸ்டரோ சொல்ல முடியாது. வாங்கினவன் வந்து சொன்னால்தான் கொடுத்தவர் பொய்யர் இல்லை என்று ஆகும். உலகத்தில் நீ ஒருத்தன்தான் அதைச் செய்ய முடியும். என் பிள்ளை ஒருத்தன்தான் செய்யக்கூடிய காரியம் ஒன்று இன்னும் இருக்கிறதே என்று, பாதி ராத்திரியில் எனக்கு அதுவே ஆறுதலாயிருக்கிறது.

மாமா உன்னை பஸ் ஏற்றிவிடுவார், பேசிவிட்டேன். இந்த ஜூன் மாதக் குளிருக்குத் தடித்த கோட்டைப் போட்டுக்கொள். கர்த்தர் உன்னோடு இருப்பாராக. வழியில் உன்னைக் கூப்பிடுகிற எவன் முகத்தையும் நீ பார்க்காதபடி உன் கண்ணை அவர் காப்பாராக. இந்த மாதக் கடைசி ஞாயிறு பாஸ்டர் மறுபடியும் அப்பத்தோடு வருகிறார். அதற்கு முன்னால் வந்துவிடு, என் மகனே.

உனக்காக ஜெபிக்கிற,
உன் அம்மா,
கட்ரீனா ஃபோர்ட்டுயின்.