கூடப் போனது யாரு?

அண்ணா,

"உன் யூடியூப் புரொபசர்"னு நீ கிண்டல் பண்ணுவியே, அவரோட வீடியோ எல்லாத்தையும் மறுபடி பாத்துட்டேன். மனுஷன் வேற லெவல்! ராஜா எத்தனை போர் ஜெயிச்சான்னு பேசவே மாட்டார். கோட்டைக்குக் கல்லு சுமந்தவன் பேரு எங்கேன்னுதான் கேப்பார்.

போன வாரம், ஊரைக் காப்பாத்த ஏரியில தானா குதிச்சு சாமியான ஒரு பொண்ணோட கதையை எடுத்தார். "சாமி ஆனது இருக்கட்டும். கடைசியா அவகூடப் போனது யாரு? திரும்பி வந்து இந்தக் கதையைச் சொன்னது யாரு? ரெண்டும் ஒரே ஆளுன்னா சந்தேகப்படுங்க. அந்த வீட்டுல வாயே திறக்காதவங்க யாருன்னு தேடுங்க"ன்னார்.

எனக்கு உடனே நம்ம அக்கா ஞாபகம்தான் வந்துச்சு.

அப்பா அக்கா படத்துக்கு தினமும் பூ வைக்கிறார். "குடும்ப மானத்துக்காக தானா கிணத்துல குதிச்ச தெய்வம்"னு வர்றவங்ககிட்ட எல்லாம் சொல்றார். தான் விரும்பின பையனைத்தான் கட்டிப்பேன்னு அவ சொன்ன மறுநாள், அவளைத் தோட்டத்துக்குக் கூட்டிட்டுப் போனது நீயும் அப்பாவும். அவ குதிச்சுட்டான்னு வந்து சொன்னதும் நீங்கதான்.

நம்ம வீட்டுல வாயே திறக்காதது அம்மா. நேத்து கேட்டேன். முதல்ல "போய் வேலையைப் பாருடி"ன்னாங்க. அப்புறம் அழுதாங்க. அன்னைக்குக் கிளம்பும்போதே அப்பா, "அவ துணியெல்லாம் கட்டி வை, இனி தேவைப்படாது"ன்னு சொல்லிட்டுத்தான் போனாராம்.

நீ இதைப் படிக்கும்போது நானும் அம்மாவும் போலீஸ் ஸ்டேஷன்ல இருப்போம். நீயும் வந்து நடந்ததைச் சொல்லிடு.

அவ தெய்வம் இல்லண்ணா. இருபத்திமூணு வயசு நர்ஸ்.

இப்படிக்கு,
அவ தங்கச்சி