பாலத்து வீட்டுத் தொலைபேசி

ஆப்பல்டோர்ன்,
12 ஜூலை 1945

ரூலோஃப்,

'அன்புள்ள' போடவில்லை. உன் பதிலைப் பார்த்துப் போடுகிறேன்.

போன செப்டம்பரில் ஆர்ன்ஹெம் பாலத்தடியில் எங்கள் வீட்டுக்குள், ஜெர்மானியரிடமிருந்து பாலத்தைப் பிடிக்க, ஆங்கிலேயப் பாராசூட்காரர்கள் புகுந்தார்கள். அவர்களுடைய ரேடியோ ஊமை. அவர்களுக்காக நான்தான் உனக்குப் போன் செய்தேன். உங்கள் ஓஸ்டர்பேக் வீட்டில் அவர்களுடைய அதிகாரி இருப்பதாகச் சொன்னாய். "இருடா, அவரக் கூட்டிட்டு வந்து திருப்பிக் கூப்பிடுறேன்" என்றாய். மணி அடித்தது. எடுத்தேன். டொக்! அப்புறம் லைனே இல்லை. யாரும் உதவிக்கு வரவில்லை. மூன்றாம் நாள் சண்டையில் வீடு எரிந்தது, அப்பாவோடு.

யாரோ ஜெர்மானியரிடம் காட்டிக்கொடுத்தார்கள் என்று ஊரே பேசுகிறது. நீயா? இல்லை, அதுவும் உன் குறும்பா?

வெஸல்

ஓஸ்டர்பேக்,
20 ஜூலை

அன்புள்ள வெஸல்,

நான் போட்டுவிட்டேன், பார்!

எங்கள் வீட்டுக்கு இப்போது கூரை இல்லை. நட்சத்திரம் பார்க்க டிக்கெட் வேண்டாம்.

காட்டிக்கொடுக்க ஆள் எதற்குடா? பாலத்தைப் பிடிக்க வந்தவர்கள் பத்துக் கிலோமீட்டர் தள்ளிக் குதித்தார்கள். காட்டுக்குள் ஜெர்மன் டாங்கி நிற்கிறது என்று நம்மவர்கள் அனுப்பிய சேதியை லண்டனில் நம்பவில்லை. தெற்கிலிருந்து உதவிக்கு வரவேண்டிய படைக்கு ஒரே ரோடு. அதிகாரி போனையும் நம்பவில்லை. லைனை வெட்டிவிட்டார். அவ்வளவுதான்.

உன் ரூலோஃப்

ஆப்பல்டோர்ன்,
27 ஜூலை

ரூலோஃப்,

நீ 'அவ்வளவுதான்' என்று எழுதினால் அங்கேதான் எதையோ ஒளித்திருக்கிறாய். போன்வரை வந்தவர், மணி அடிக்கும்வரை நின்றவர், நான் எடுத்ததும் ஏன் வெட்டினார்? அவரிடம் என்ன சொன்னாய்? மறைத்தால் இதுவே கடைசிக் கடிதம்.

வெஸல்

ஓஸ்டர்பேக்,
3 ஆகஸ்ட்

அன்புள்ள வெஸல்,

நான் ஒன்றுமே சொல்லவில்லை. ரிசீவரை அவர் காதில் வைத்தேன், அவ்வளவே.

நம் விளையாட்டு ஞாபகம் இருக்கிறதா? போனை எடுப்பவன் ஜெர்மன் தளபதி மாதிரிக் குரைக்க வேண்டும். முதலில் சிரித்தவன் தோற்றான். அன்று நீ அற்புதமாகக் குரைத்தாய். மறுமுனையில் ஜெர்மன்காரன் என்றே அவர் நினைத்துவிட்டார். கத்தியை எடுத்துக் கம்பியை அறுத்தார். "ஐயோ சார், அவன் என் சிநேகிதன் சார்!" என்று கத்தினேன். சிரித்துக்கொண்டே கத்தினால் யார் நம்புவார்? ஒற்றன் என்று நிலக்கரி அறையில் போட்டுப் பூட்டினார்.

விளையாட்டுக்கு அந்த விதியைப் போட்டவன் நான். காட்டிக்கொடுத்தது நான்தான் என்றே ஊரில் சொல்லிக்கொள். கோபித்துக்கொள்ள மாட்டேன்.

உன் ரூலோஃப்

ஆப்பல்டோர்ன்,
11 ஆகஸ்ட்

அன்புள்ள ரூலோஃப்,

போட்டுவிட்டேன், பார்.

நான் குரைத்தது எனக்கு ஒருநாளும் மறக்கவில்லை. லைன் போனதற்கு நீ வேறு காரணம் ஏதாவது சொல்வாய் என்று நம்பியிருந்தேன்.

இனி எழுதாதே.

வெஸல்